இரண்டு கதிரைகளும் ஒரு ஸ்டியரிங்கும்

நான் நடிகை என்று சொன்னால் எங்கள் ஆட்கள் முதலில் கேட்பது, "எந்தப் படம்?" என்பதுதான். மேடையில் என்று சொன்னதும் முகத்தில் ஒரு சின்ன ஏமாற்றம் வரும். அப்பாவிடம் மட்டும் அதை நான் கண்டதில்லை. மினிகேப் என்கிற வாடகைக் கார் ஓடிய காலத்தில், பின்னால் ஏறுகிற சனத்திடம் அவர்கள் கேட்காமலே, "என்ர மகள் தியேட்டரில நடிக்கிறா" என்று சொல்லிவிடுவார். இரண்டொரு பேர் அதைக் கேட்டு டிக்கெட் வாங்கிப் போய்ப் பார்த்ததாகவும் சொல்லுவார். அதில் எவ்வளவு உண்மை என்று நான் விசாரித்ததில்லை.

நான் பிறந்தது ஜெர்மனியில். அப்பா அங்கே ஒரு ஹோட்டல் குசினியில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தார். எனக்குப் பத்து வயதளவில் லண்டனுக்கு வந்தோம். ஃபாரஸ்ட் கேட்டில், ஒரு பலசரக்குக் கடைக்கு மேலே, இரண்டு அறை. வீட்டுக்குத் தமிழ், தெருவுக்கு ஜெர்மன் என்று வளர்ந்த எனக்கு, திடீரென்று தெருவுக்கு வேறொரு மொழி தேவைப்பட்டது. பள்ளிக்கூடத்தில் வாய் திறக்கவே பயம். ஒரு சொல்லை ஆங்கிலத்தில் எடுத்தால் அடுத்தது ஜெர்மனில் வந்து நிற்கும். அந்த வருடப் பள்ளி நாடகத்தில் யாரோ ஒரு பிள்ளைக்குக் காய்ச்சல் வர, அவளுடைய நாலைந்து வரிகளை எனக்குத் தந்தார்கள். பாடமாக்கிக்கொண்டு போய், வெளிச்சத்தில் நின்று, ஒன்றன் பின் ஒன்றாகச் சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. அடுத்து என்ன சொல்லவேண்டும் என்று எனக்கு முன்கூட்டியே தெரிந்திருந்த ஒரே இடம் அந்த மேடைதான். நடிப்புக்கு வந்ததற்குப் பிறகு எத்தனையோ பேர் காரணம் கேட்டிருக்கிறார்கள், நானும் அழகழகாகப் பதில் சொல்லியிருக்கிறேன். உண்மையில் காரணம் இவ்வளவுதான்.

வசனம் பாடமாக்குவதற்குத் துணைக்கு ஒரு ஆள் வேண்டும். பிரதியைக் கையில் பிடித்துக்கொண்டு மற்றப் பாத்திரங்களின் பகுதியை வாசிக்கவேண்டும். எனக்கு அதைச் செய்தவர் அப்பா. ஓட்டம் முடிந்து வந்து தேத்தண்ணியோடு உட்காருவார். அரசன், கொலைகாரன், வேலைக்காரி, என்னுடைய காதலன், எல்லாம் அவர்தான். யாழ்ப்பாணத்து நாக்கும் ஜெர்மன்காரரிடம் பழகிய அழுத்தமும் கலந்த ஆங்கிலம். நான் ஒரு சொல்லை மாற்றிச் சொன்னால் விரலால் மேசையில் தட்டுவார்.

"பிழை. திரும்பச் சொல்லு."

"கருத்து ஒண்டுதானே அப்பா."

"கருத்து வேற, சொல்லு வேற. எழுதினவன் இருந்து யோசிச்செல்லோ எழுதியிருக்கிறான்."

அப்படியே இருபது வருடத்துக்கு மேல் போனது. தொடக்கத்தில் எனக்குக் கிடைத்தவை தாதி, வைத்தியரின் மனைவி, கடைக்காரரின் தங்கை. பிறகு மெல்ல மெல்லப் பழைய நாடகங்களில் நல்ல பாத்திரங்கள் வந்தன. நாற்பதைத் தாண்டியபோது, ஆற்றங்கரையில் உள்ள பெரிய அரங்கு ஒன்றில், போருக்குப் போகும் மகனைத் தடுக்கப் பார்க்கிற ஒரு தாயின் வேடம் வந்தது. எனக்கு அதுவரை கிடைத்தவற்றிலேயே பெரியது அதுதான். அப்பாவிடம் பிரதியைக் கொடுத்தேன்.

அந்த முறை அவர் மேசையில் தட்டவில்லை. நான் வேண்டுமென்றே ஒரு வரியைத் தாண்டிப் பார்த்தேன், அவருக்குத் தெரியவில்லை. இரண்டாம் பக்கத்தில் மகனுடைய வசனத்தை வாசித்தவர், மூன்றாம் பக்கத்துக்குப் போகாமல் திரும்பவும் அதே வசனத்தை வாசித்தார். பிறகு என்னைப் பார்த்து, "இதில நான் ஆர்?" என்று கேட்டார். பகிடி விடுகிறார் என்று நினைத்துச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

சில மாதம் கழித்து மருத்துவமனையில் பெயர் சொன்னார்கள். மறதி நோய். அம்மாவுக்கு அதில் ஆச்சரியம் இருக்கவில்லை. "ரோட்டு மாறிப் போறார் எண்டு நான் எப்பவோ சொன்னனான். ஆர் கேட்டது?" என்றார். அப்பாவின் லைசன்ஸைத் திருப்பி வாங்கிவிட்டார்கள். கார் திறப்பை அம்மா அரிசி டின்னுக்குள் ஒளித்து வைத்தார். லண்டனின் கிழக்குப் பக்கத்து ஒழுங்கை எல்லாம் மனப்பாடமாக வைத்திருந்த மனிதர், காலையில் எழும்பியதும் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு, திறப்பைத் தேடி வீடு முழுக்க நடந்தார்.

அந்த வாரங்களில்தான் எனக்கு அது நடந்தது. மேடையில் வசனம் மறந்து போவதை இங்கே நடிகர்கள் 'டிரை' என்பார்கள், காய்ந்து போகிறது என்று அர்த்தம். நாடகத்தின் பிற்பாதியில் மகன் என் முன்னால் மண்டியிட்டிருந்தான். நான் அவன் தலையில் கை வைத்துப் பேசத் தொடங்கவேண்டும். கை வைத்தேன். ஒன்றும் இல்லை. தேடினால் ஏதாவது தட்டுப்படும் என்ற நினைப்புகூட வரவில்லை. தேடவேண்டிய இடமே இருக்கவில்லை. அவனுடைய தலைமயிரின் சூடு மட்டும் என் உள்ளங்கையில் தெரிந்தது. காதுக்குள் இரைந்தது. கீழே இருட்டில் சனம் மூச்சுவிடுவது கேட்டது. நான் அழுகையை அடக்குகிறேன் என்று அவர்கள் நினைத்திருக்கலாம்.

மகனாக நடித்தவர் கெட்டிக்காரர். என் கையைப் பிடித்து, நான் சொல்லவேண்டியதைத் தானே கேள்வியாக மாற்றிக் கேட்டார். அந்தக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நான் கரையேறினேன். பார்த்தவர்களுக்கு எதுவும் தெரிந்திருக்காது.

உடை மாற்றும் அறையில் அவர் என் தோளைத் தட்டி, "எல்லாருக்கும் வருவதுதானே, விடுங்கள்" என்றார். எல்லாருக்கும் வரும்தான். ஆனால் எல்லாருடைய அப்பாவும் அந்தக் காலை "இதில நான் ஆர்?" என்ற முகத்தோடு சப்பாத்துடன் கூடத்தில் நின்றிருக்கமாட்டார். இரத்தத்தில் இருக்கிறது, எனக்கும் தொடங்கிவிட்டது என்று நான் முடிவு செய்துவிட்டேன்.

அதன் பிறகு நான் என்னை நானே சோதிக்கத் தொடங்கினேன். ரயிலில் ஏறினால் அடுத்து வரும் ஸ்டேஷன்களைப் பலகையைப் பார்க்காமல் சொல்லிப் பார்ப்பேன். பார்க்கிங் என்ற ஊர் வரைக்கும் சரியாக வந்துவிட்டால் அன்றைய நாள் தப்பியது. ஒன்று தடுமாறினால் அன்று முழுக்க அந்தப் பெயரையே சொல்லிக்கொண்டிருப்பேன். அடுப்பை அணைத்துவிட்டு, அணைத்தேனா என்று திரும்பி வந்து பார்ப்பேன். மாலையானால் மேடைக்குப் பின்னால் நின்று முழு வசனத்தையும் உதட்டுக்குள் ஓடவிடுவேன். ஓடி முடிக்கும்வரை யாரும் என்னோடு கதைக்கக்கூடாது. யாராவது வணக்கம் சொன்னால், திரும்பவும் முதலில் இருந்து. அந்த நாடகம் முடியும்வரை இன்னொரு தடவை நான் காய்ந்து போகவில்லை. அது எனக்கு ஆறுதலாக இருக்கவில்லை. அடுத்தது இன்னும் பாக்கி இருக்கிறது என்றுதான் தோன்றியது.

வைத்தியரிடம் போனேன். என்னைவிட வயது குறைந்த பெண். எண்களைப் பின்னோக்கிச் சொல்லச் சொன்னார், சில பொருட்களின் பெயர்களைச் சொல்லி, கொஞ்ச நேரம் கழித்துத் திருப்பிக் கேட்டார். பிறகு இரத்தப் பரிசோதனை, மண்டைக்கு ஒரு ஸ்கேன். எல்லாம் பார்த்துவிட்டு, "உங்கள் ஞாபகத்தில் ஒரு குறையும் இல்லை. உங்களுக்கு இருப்பது பயம்" என்றார்.

"பயத்துக்கும் ஸ்கேன் இருக்கா?" என்று கேட்டேன்.

அவர் சிரித்தார். நான் உண்மையாகத்தான் கேட்டேன்.

அதற்குப் பிறகு வந்த வேடங்களை ஒவ்வொன்றாக மறுத்தேன். தேதி ஒத்துவரவில்லை, அப்பாவைப் பார்க்கவேண்டும், பிரதி பிடிக்கவில்லை. வேறு வேலை தேடி நாடகம் இயக்கப் போனேன். பப்புகளின் மாடியறை, பழைய தேவாலய மண்டபம் போன்ற சின்ன இடங்கள்தான். எனக்கு அது நன்றாகவே வந்தது. இயக்குநர் இருட்டில் உட்கார்ந்திருப்பவர். அவர் மறந்தால் யாருக்கும் தெரியாது. "நடிப்பை விட்டுவிட்டாயா?" என்று கேட்டவர்களிடம், "இப்போது இதுதான் பிடிக்கிறது" என்றேன். நம்பினார்கள்.

இதற்கிடையில் அப்பாவை மருத்துவமனைக்கு ஏற்றி இறக்க ஒரு ஆள் தேவைப்பட்டது. டாக்ஸிக்காரரோடு அப்பா ரோட்டுச் சண்டை பிடிப்பார், "இந்தப் பக்கம் ஏன் போறாய், பிளாக் ஆகுமெல்லோ" என்று. அதனால் நாற்பது கடந்த வயதில் நான் கார் பழகப் போனேன். அந்தப் பார்க்கிங் ஊரில் ஒரு தமிழ்ப் பெண் பழக்கினார். மற்ற மாணவர்களின் கதைகளையும் பேர் சொல்லாமல் சொல்லுவார். வீட்டுக்காரரோடு சண்டை, விசாப் பிரச்சினை, பிள்ளைக்கு வரன் பார்க்கிறது, எல்லாம் அந்தக் காருக்குள் வந்து விழும். ஒருவருக்கொருவர் முகம் பார்க்காமல் முன்னால் பார்த்துக்கொண்டு பேசுவதால் சனம் உண்மை பேசுகிறது என்று எனக்குப் பட்டது. லைசன்ஸ் கிடைத்த கையோடு எழுத உட்கார்ந்தேன். நான் எழுதிய முதல் நாடகம் அதுதான், ஆங்கிலத்தில், இடையிடையே தமிழோடு. கார் பழக்கும் ஒரு தமிழ்ப் பெண், ஒரே ஒரு நடிகை. மேடையில் இரண்டு கதிரை. வலப்பக்கக் கதிரைக்கு முன்னால் ஒரு கம்பியில் பொருத்திய ஸ்டியரிங், அதற்கு மேலே ஒரு கண்ணாடி. அந்தக் கதிரை காலியாகவே இருக்கும். அவள் இடப்பக்கம் இருந்து, வருகிற மாணவர் ஒவ்வொருவரோடும் பேசுவாள். மாணவர்களை நாம் காண்பதில்லை.

ஒரு சின்ன அரங்கம் அதை எடுத்துக்கொண்டது. மூன்று பக்கமும் பார்வையாளர், முன்வரிசை ஆட்களின் கால் மேடைத் தரையிலேயே இருக்கும். நான் இயக்கினேன். நடிக்க ஒரு இளம் நடிகை, லண்டனில் பிறந்த தமிழ்ப் பிள்ளை, நெருப்பு மாதிரி. நாடகம் தொடங்க இரண்டு வாரம் இருக்கும்போது அவளுக்கு ஒரு தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பு முன்னுக்கு வந்துவிட்டது. அழுதுகொண்டே வந்து சொன்னாள். அவளைக் கோபிக்க எனக்கு மனம் வரவில்லை. நானாக இருந்தாலும் போயிருப்பேன்.

அரங்கத்தின் பொறுப்பாளர் என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தார். "எழுதினது நீங்கள், இயக்கினதும் நீங்கள். ஒவ்வொரு சொல்லும் உங்களுக்குத் தெரியும். வேறு யாரைத் தேடுவது?" என்றார்.

ஏலாது என்று சொல்ல ஆங்கிலத்தில் நல்ல சொல் ஒன்று தேடிக்கொண்டிருந்தேன். அதற்குள் அவர் என் மௌனத்தைச் சம்மதமாக எடுத்துக்கொண்டு ஸ்டேஜ் மேனேஜரைக் கூப்பிட்டுவிட்டார்.

ஸ்டேஜ் மேனேஜர் ஸ்கொட்லாந்துக்காரி. பெரிய உருவம், குரல் உயர்த்திப் பேசி நான் கேட்டதில்லை. அவரிடம் மட்டும் உண்மையைச் சொன்னேன். அவர் யோசித்துவிட்டு, "பின்னால் விளக்குகளை இயக்கும் என் சின்னப் பெட்டி அறைக்குள் பிரதியோடுதான் நான் இருப்பேன். வசனம் போய்விட்டால் என்னைக் கேளுங்கள், சொல்கிறேன்" என்றார்.

"சனத்துக்கு முன்னாலயா?"

"வேறு எங்கே?"

"அதைவிட நான் செத்துப்போறது நல்லது" என்றேன்.

அவர் வாதாடவில்லை. அடுத்த நாள் காலை வெள்ளை டேப் சுருள் ஒன்றைக் கொண்டுவந்து தந்தார். ஸ்டியரிங் வளையத்தின் உட்பக்கம், பார்வையாளர் காணாத இடத்தில், ஒவ்வொரு மாணவரின் பகுதிக்கும் முதற் சொல்லை எழுதி ஒட்டினேன். என் கதிரையில் இருந்து திரும்பிப் பார்த்தால் தெரியும்.

முதல் நாட்களின் காட்சிகள் போயின. நன்றாகப் போயின என்று சொன்னார்கள். எனக்கு அவற்றில் எதுவும் நினைவில்லை. கண் ஸ்டியரிங்கிலேயே இருந்தது. ஒவ்வொரு மாலையும் தொடங்குவதற்கு முன்னால் கழிவறையில் வாந்தி எடுத்தேன், முகம் கழுவினேன், போனேன்.

அப்பாவைக் கூட்டிவர வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லியிருந்தேன். ஒரு சனிக்கிழமை பகல் காட்சி. விளக்கு அணைவதற்குச் சற்று முன் திரைச்சீலை இடுக்கால் பார்த்தால், முன்வரிசையில், ஓரத்தில், அப்பா. மடிப்புக் குலையாத சேர்ட், அயர்ன் பண்ணிய கால்சட்டை. பக்கத்தில் அம்மா, கைப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு. பிறகுதான் தெரிந்தது, அப்பாவைப் பார்த்துக்கொள்ள வரும் பெண் அன்று வரவில்லை. அம்மாவுக்கோ நாடகத்தைத் தவறவிட மனமில்லை. அதுதான் கடைசிச் சனிக்கிழமை.

அன்று வாந்திகூட வரவில்லை. வெளிச்சம் வந்தது, போய் என் கதிரையில் இருந்தேன்.

முதல் பகுதி போனது. இரண்டாவது போனது. அப்பாவைப் பார்க்கக்கூடாது என்று எதிர்ப்பக்கமே பார்த்தேன். மூன்றாவது மாணவர் ஒரு வயதான மனிதர், பல தடவை பரீட்சையில் தவறியவர். அவரைக் கூப்பிடுவதற்காக நான் காலிக் கதிரையைக் கைகாட்டி, "வாங்கோ, ஏறுங்கோ" என்று தமிழில் சொல்லவேண்டும். சொன்னேன்.

அப்பா எழும்பினார்.

அம்மா அவருடைய சேர்ட்டைப் பிடித்தது தெரிந்தது. அவர் அதை உதறவில்லை, ஒரு பிள்ளையின் கையை எடுத்துவிடுவதுபோல மெதுவாக எடுத்துவிட்டு நடந்தார். நாலு எட்டில் மேடை. காலிக் கதிரையில் உட்கார்ந்தார். கதிரையை முன்னுக்கு இழுத்தார். கண்ணாடியைத் தன் உயரத்துக்குத் திருப்பினார். தோளுக்கு மேலால் சீற் பட்டி தேடினார், இல்லை, பரவாயில்லை என்று விட்டார். இரண்டு கையாலும் ஸ்டியரிங்கைப் பிடித்தார். நான் எழுதி ஒட்டிய சொற்கள் அத்தனையும் அவருடைய விரல்களுக்குக் கீழே போய்விட்டன.

பிறகு கண்ணாடியில் பார்த்து, வேலை நேரத்துக் குரலில், "எங்கயம்மா போகவேணும்?" என்று கேட்டார்.

எனக்கு எல்லாம் போய்விட்டது. மூன்றாம் பகுதி, நாலாம் பகுதி, நான் எழுதிய முழு நாடகமும். பின்னால் பெட்டிக்குள் ஸ்டேஜ் மேனேஜர் எழும்பி நிற்பது நிழலாகத் தெரிந்தது. காட்சியை நிறுத்தும் அதிகாரம் அவரிடம் இருந்தது. நான் தலையசைத்தால் போதும், விளக்கைப் போட்டுவிடுவார். அப்பா பதிலுக்குக் காத்திருந்தார். வருடக்கணக்காக அவருடைய முகத்தில் இருந்த தவிப்பு அந்த நேரம் இல்லை. அவர் வேலையில் இருந்தார்.

"ஃபாரஸ்ட் கேட்" என்றேன்.

"ஸ்டேஷனடியோ?"

"அதுக்குக் கிட்ட."

"சரி. இப்ப மெயின் ரோட்டால போகேலாது, சனிக்கிழமை. நான் உள்ளால விடுறன்."

கண்ணாடி பார்த்தார், தோளுக்கு மேலால் பார்த்தார், இண்டிகேட்டர் இருக்கவேண்டிய இடத்தில் விரலைத் தட்டினார். வண்டி கிளம்பிவிட்டது. ஸ்டியரிங்கைத் திருப்பும்போது உடம்பையும் கொஞ்சம் சரித்தார். ஒரு இடத்தில் நின்று யாரையோ கடக்கவிட்டார், கை உயர்த்திக் காட்டினார். சனத்தில் யாரோ மெல்லச் சிரித்தார்கள், பிறகு அதுவும் நின்றது. நான் முன்னால் பார்த்துக்கொண்டிருந்தேன். கண்ணீர் வந்தால் அவர் கவனித்துவிடுவார் என்று பயந்தேன்.

"வேலையால வாறியளோ?" என்று கேட்டார்.

"ஓம்."

"என்ன வேலை?"

"தியேட்டரில."

"என்ர மகளும் தியேட்டரில" என்றார். வளைவு ஒன்று வந்திருக்கவேண்டும், கவனமாகத் திருப்பினார்.

எவ்வளவு நேரம் ஓடினோம் என்று எனக்குத் தெரியாது. ஒரு கட்டத்தில், இதற்கு மேல் போனால் அவர் வழியைத் தவறவிட்டுவிடுவார், அந்தத் தவிப்பு திரும்ப வந்துவிடும் என்று பயம் வந்தது. "இதில நிப்பாட்டுங்கோ, இதுதான் வீடு" என்றேன்.

அவர் ஓரம் கட்டினார். ஹேண்ட்பிரேக்கை இழுத்தார். அதற்குள் அம்மா மேடைக்கு வந்துவிட்டார். வாழ்க்கையில் முதல் தடவை மேடை ஏறியவர், கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, சனத்தைத் திரும்பியும் பாராமல், அப்பாவின் முழங்கையைப் பிடித்தார். "இறங்குங்கோ. இண்டைக்கு ஓட்டம் முடிஞ்சுது. தேத்தண்ணி குடிப்பம்."

அவர் எழும்பிப் போனார். வாசல் கதவு மூடுகிற சத்தம் கேட்டது.

நான் தனியே இருந்தேன். ஸ்டியரிங் கொஞ்சம் கோணி நின்றது, வியர்வையில் டேப் சுருண்டு தொங்கியது. ஒரு எழுத்தும் வாசிக்க முடியவில்லை. இத்தனை வருடமாக எதற்குப் பயந்து வேடங்களை மறுத்தேனோ, ஸ்டேஷன் பெயர்களை எண்ணினேனோ, அது இதோ, பகல் காட்சியில், வெளிச்சத்தில், எல்லாரும் பார்க்க. ஓடிவிடலாம் என்று உண்மையாகவே கதவைப் பார்த்தேன்.

பிறகு பெட்டியைப் பார்த்துச் சொன்னேன். "எனக்கு இடம் தவறிப்போச்சு. நான் எங்கே நின்றேன்?"

கேட்டுவிட்டேன். ஸ்டேஜ் மேனேஜர் இருட்டுக்குள் இருந்து, கடையில் விலை சொல்வதுபோல, மூன்றாம் பகுதியின் முதல் வரியை வாசித்தார். அவருக்குத் தமிழ் தெரியாது. 'வாங்கோ' என்பதை ஏதோவாகச் சொன்னார். சனம் சிரித்தது. எனக்கும் சிரிப்பு வந்தது. அந்த வரியைப் பிடித்து ஏறிவிட்டேன். கடைசிவரை போனேன். இன்னும் ஒரு இடத்தில் தடுமாறி, திரும்பவும் கேட்டேன். யாரும் எழும்பிப் போகவில்லை.

முடிந்து வெளியே வந்தபோது அப்பா அரங்கத்து பாரில் ஒரு மூலையில் இருந்து தேத்தண்ணியில் பிஸ்கட் தோய்த்துக்கொண்டிருந்தார். நாடகம் பார்த்தது அவருக்கு நினைவில்லை. அம்மாவின் முகம் சிவந்திருந்தது.

"மானம் போச்சுது. இனி இவரை நான் ஒரு இடமும் கூட்டிக்கொண்டு வரமாட்டன்."

"ஒண்டும் நடக்கேல்லை அம்மா."

"உனக்கு ஒண்டும் நடக்கேல்லையோ? நான் அங்க நெஞ்சு வெடிச்சுச் சாகப் பாத்தன்."

அம்மாவும் பயந்துகொண்டுதான் இருந்தார் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. வருடக்கணக்காக. திறப்பை ஒளித்து, கதவைப் பூட்டி, அவர் எழும்பும் சத்தத்துக்குக் காது கொடுத்து. நான் என் பயத்தையே பார்த்துக்கொண்டிருந்ததில் அதைக் காணவில்லை. அவரைக் கட்டிப்பிடித்தேன். பிடிக்கவிட்டார், பிறகு, "சரி சரி, சனம் பாக்குது" என்று தள்ளினார். மாலைக் காட்சிக்கு முன்னால் இருவரையும் வீட்டுக்கு ஏற்றிப்போய் விட்டுவிட்டு வந்தேன். வழி முழுக்க அப்பா பின் சீற்றில் நித்திரை.

அந்தப் பகல் காட்சிக்கு வந்தவர்களில் பாதிப் பேர் அது நாடகத்தின் பகுதி என்று நினைத்திருந்தார்கள். பேச்சு பரவிவிட்டது. அடுத்த வாரம் பொறுப்பாளர் என்னைக் கூப்பிட்டார். கண் பளபளத்தது. நாடகத்தை இன்னொரு அரங்குக்குக் கொண்டுபோகலாம், ஆனால் அந்த இடத்தை வைத்துக்கொள்ளவேண்டும் என்றார். "ஒரு வயதான நடிகரைப் போடுவோம். சனத்துக்கு நடுவில் இருந்து எழும்பி வரட்டும். இதைவிட நல்ல காட்சியை யாராலும் எழுத முடியாது."

அவர் கெட்டவர் இல்லை. சொன்னதும் உண்மைதான். எழுதுகிற ஆளாக எனக்கும் அது அன்று மாலையே தோன்றிவிட்டது. இரண்டு நாள் அதையே யோசித்தேன். யாரோ ஒரு நடிகர் ஒவ்வொரு மாலையும் எழும்பி வந்து, கண்ணாடியைத் திருப்பி, "எங்கயம்மா போகவேணும்?" என்று கேட்பதை நினைத்துப் பார்த்தேன். நான் ஒவ்வொரு மாலையும் "ஃபாரஸ்ட் கேட்" என்று பாடமாக்கிய பதிலைச் சொல்லவேண்டும். அப்பா என்னிடம் நடிக்கவில்லை. தனக்குத் தெரியாத ஒன்றைத்தான் கேட்டார், நானும் அந்த நேரம் வாயில் வந்த பதிலைச் சொன்னேன். அதை மனப்பாடம் செய்ய என்னால் முடியவில்லை. வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நாடகம் அந்த அரங்கத்தோடு முடிந்தது. பிழையான முடிவோ என்று இப்போதும் சில நாள் தோன்றும்.

இப்போது அப்பா வாரத்தில் சில நாள் நோர்பரியில் தமிழ் முதியவர்கள் கூடும் ஒரு பகல் நிலையத்துக்குப் போகிறார். தூரம்தான், நான்தான் கொண்டுபோய் விடுகிறேன். அங்கே பஜனை, கரம் போர்ட், மத்தியானம் சோறு. என்னைச் சில நாள் மகள் என்கிறார், சில நாள் தன் தங்கச்சி என்கிறார். திறப்பைத் தேடுவதை விட்டுவிட்டார். அது நல்லதா கெட்டதா என்று அம்மாவுக்கும் எனக்கும் சொல்லத் தெரியவில்லை.

போன மாதம் ஒரு வேடம் வந்தது. பெரிய வேடம், நீண்ட வசனங்கள், மாதக்கணக்கில் நடக்கும் நாடகம். ஒரு நாள் தவணை கேட்டுவிட்டு ஓம் என்றேன். முதல் ஒத்திகையிலேயே இயக்குநரிடம் சொல்லிவிடப் போகிறேன், எனக்கு வசனம் போகலாம், போனால் சத்தமாகக் கேட்பேன் என்று. அதைச் சொல்வதற்கான வாக்கியங்களை இப்போதே ஒத்திகை பார்க்கிறேன். அவர் முகம் எப்படிப் போகுமோ தெரியாது. ஆளை மாற்றினாலும் மாற்றுவார்.

நேற்று அம்மாவுக்கு விஷயத்தைச் சொன்னேன். அப்பாவுக்குச் சோறு குழைத்துக்கொண்டிருந்தார்.

"பயமா இருக்கோ?" என்று கேட்டார்.

"ஓம்."

"பயமெண்டால் பேந்து ஏன் போறாய்?"

"போகாட்டியும் பயமாத்தானம்மா கிடக்கு."

அம்மா ஒரு கவளத்தை உருட்டி அப்பாவின் வாயருகே கொண்டுபோனார், அவர் வாய் திறக்கும்வரை காத்திருந்தார்.

"அப்ப போ" என்றார்.